பிரிவின் பழி யார் தலையில்?

ஏரிக்கரையில் ஒரு கோடை விடுதி. விடுமுறையைக் கழிக்க அங்கே வந்த ஒன்பது வயதுச் சிறுமி, அச்சு அசலாகத் தன்னைப் போலவே இருக்கும் இன்னொரு சிறுமியைப் பார்க்கிறாள். முதலில் முறைப்பு, பிறகு நட்பு, அப்புறம்தான் உண்மை தெரிகிறது: இருவரும் இரட்டையர். பெற்றோர் பிரிந்தபோது ஆளுக்கொரு குழந்தையாக எடுத்துக்கொண்டு போய்விட்டார்கள். இன்னொருத்தி இருக்கிறாள் என்பதையே பிள்ளைகளிடம் மறைத்துவிட்டார்கள். சிறுமிகள் உடையையும் தலைமுடி அலங்காரத்தையும் மாற்றிக்கொண்டு, அவள் இவள் வீட்டுக்கும் இவள் அவள் வீட்டுக்கும் போகிறார்கள். ஆள்மாறாட்டத்தில் ஆயிரம் கூத்து நடக்கிறது. கடைசியில் அப்பாவும் அம்மாவும் சேர்ந்துவிடுகிறார்கள். நம்மூரில் மூத்தவர்களுக்கு இதைக் கேட்டதும் 1965-இல் வந்த ‘குழந்தையும் தெய்வமும்’ நினைவுக்கு வரும். இளையவர்களுக்கு லிண்ட்சே லோஹன் நடித்த ‘தி பேரண்ட் ட்ராப்’. இரண்டுக்கும் ஊற்றுக்கண் ஒன்றுதான். 1950 டிசம்பரில் மேற்கு ஜெர்மனியில் வெளியான ‘தாஸ் டொப்பெல்ட்டே லொட்சென்’, அதாவது ‘இரட்டை லொட்டே’ என்ற நகைச்சுவைப் படமும், அதற்கு ஓராண்டு முன் அதே பெயரில் வந்த எரிக் கெஸ்ட்னரின் சிறுவர் நாவலும்தான் அது. ஜப்பான், பிரிட்டன், அமெரிக்கா, இந்தியா, ஈரான் என்று இந்தக் கதை போகாத ஊர் குறைவு. போன இடமெல்லாம் அதன் எலும்புக்கூடு மாறவில்லை. மாறியது ஒன்றுதான்: அந்தக் குடும்பம் ஏன் உடைந்தது, அதற்கு யார் பொறுப்பு என்ற கேள்விக்கான பதில். ஒரு சமூகம் தன் குடும்ப வாழ்க்கையில் எதை ஒப்புக்கொள்ளத் துணிகிறது, எதைக் கண்டு கூசுகிறது என்பதை அறிய, இந்தப் படங்கள் பழியை யார் தலையில் இறக்கிவைக்கின்றன என்று பார்த்தாலே போதும் என்பதுதான் இந்தக் கட்டுரையின் வாதம்.

மூலக்கதை பிறந்த சூழலைத் தெரிந்துகொண்டால்தான் அதன் நேர்மை புரியும். எரிக் கெஸ்ட்னர் 1899-இல் டிரெஸ்டனில் பிறந்தவர். 1929-இல் வந்த ‘எமிலும் துப்பறிவாளர்களும்’ நாவல் அவரை உலகறியச் செய்தது. 1933 மே 10 அன்று பெர்லினில் நாஜிகள் நூல்களைத் தீயில் போட்டபோது அவருடைய புத்தகங்களும் எரிந்தன. தன் புத்தகங்கள் எரிவதைக் கூட்டத்தில் நின்று கண்ணால் பார்த்தவர் அவர். அதன்பின் ஜெர்மனியில் எழுதி வெளியிட அவருக்குத் தடை. 1942-இல் கொஞ்ச காலம் தடை தளர்ந்தது. உஃபா படக்கம்பெனியின் வெள்ளிவிழாப் படமான ‘முன்சௌசென்’னுக்குப் புனைபெயரில் திரைக்கதை எழுத அனுமதி கிடைத்தது. படத்தின் இயக்குநர் யோசெஃப் ஃபான் பாக்கி. பிரிந்த இரட்டையர் கதையைக் கெஸ்ட்னர் அவரிடம் முதலில் சொன்னது அந்தச் சமயத்தில்தான். மறுபடி தடை விழுந்ததால் கதை ஏழு ஆண்டுகள் கிடப்பில் கிடந்தது. போருக்குப் பின் அது நாவலாக வந்தது. பின்னர் அதே பாக்கியின் இயக்கத்தில் படமானது. திரைக்கதை எழுதியதும், படத்தில் கதைசொல்லியாகக் குரல் கொடுத்ததும் கெஸ்ட்னரே. இசா, யுட்டா குந்தர் என்ற நிஜ இரட்டையர் நாயகிகளாக நடித்தார்கள். 1951-இல் ஜெர்மன் திரைப்பட விருது முதல்முறையாக வழங்கப்பட்டபோது சிறந்த படம், இயக்கம், திரைக்கதை ஆகிய விருதுகள் இதற்குக் கிடைத்தன.

இந்தக் கதையில் பிரிவுக்குக் காரணம் யார்? வெளியாள் எவரும் இல்லை. அப்பா லுட்விக் பால்ஃபி வியன்னா ஆபெராவில் இசை நடத்துநர். குழந்தைகளின் அழுகுரலில் இசை எழுத முடியவில்லை என்று தனியாக ஓர் அறை எடுத்துக்கொண்டு அங்கேயே பொழுதைக் கழித்தார். இளம் மனைவிக்குச் சந்தேகமும் கோபமும் வந்தன, அவர் மணமுறிவு கேட்டார், நடந்துவிட்டது. அப்பாவின் சுயநலம், அம்மாவின் அவசரம், இரண்டையும் கெஸ்ட்னர் மறைக்கவில்லை. அதோடு அந்தப் பிரிவின் கணக்கையும் காட்டுகிறார். அம்மா மியூனிக்கில் ஒரு படப் பத்திரிகையில் வேலை பார்த்துக் குடும்பம் நடத்துகிறார். அம்மாவிடம் வளரும் லொட்டே, ஒன்பது வயதிலேயே கடைக்குப் போகிறாள், சமைக்கிறாள், செலவுக்குக் கணக்குப் பார்க்கிறாள். வியன்னாவில் அப்பாவிடம் வளரும் லூயிஸேவோ பெரிய ஹோட்டலில் சாப்பிடுபவள். அவளுக்கு அடுப்பு பற்றவைக்கவும் தெரியாது. ஆள்மாறாட்டத்தில் வரும் சிரிப்புக்கெல்லாம் அடியில் இந்த ஏற்றத்தாழ்வு இருக்கிறது. போர் முடிந்த ஜெர்மனியில் கணவனை இழந்தோ பிரிந்தோ தனியாகப் பிள்ளை வளர்த்த பெண்கள் தெருவுக்குத் தெரு இருந்தார்கள். மணமுறிவுகள் பெருகிய காலம் அது. நீதிமன்றத்தில் மணமுறிவு என்றால் தவறு கணவனுடையதா மனைவியுடையதா என்று தீர்ப்பெழுதுவதே அன்றைய வழக்கம்; அந்த ஏற்பாடு மேற்கு ஜெர்மனியில் 1977 வரை நீடித்தது. சட்டம் ஒரு குற்றவாளியைக் கேட்ட நேரத்தில், சிறுவர் கதை ஒன்று இருவரையும் கூண்டில் ஏற்றியது.

குழந்தைகளுக்கான கதையில் விவாகரத்தா என்ற எதிர்ப்பு வரும் என்பது கெஸ்ட்னருக்குத் தெரியும். நாவலின் நடுவிலேயே கதையை நிறுத்திவிட்டு அதற்குப் பதில் சொல்கிறார். ஷெர்லி டெம்பிள் என்ற குழந்தை நட்சத்திரம், தான் நடித்த படத்தைத் தானே தியேட்டரில் போய்ப் பார்க்க வயது போதாதென்று தடுக்கப்பட்ட வேடிக்கையைச் சொல்லி, பெற்றோரின் பிரிவால் வாடுகிற பிள்ளைகள் நிஜத்தில் இருக்கும்போது அதைப் பற்றி அவர்களிடம் பேசக்கூடாது என்பதும் அப்படிப்பட்ட வேடிக்கைதான் என்கிறார். பிரியாமலே பெற்றோர் சண்டையிட்டுக்கொண்டிருப்பதால் துன்பப்படும் பிள்ளைகளும் இருக்கிறார்கள் என்பதையும் அவர் சேர்த்தே சொல்கிறார். வாடுவது எப்படி என்பதையும் காட்டுகிறார். அப்பா இரேனே கெர்லாக் என்ற பெண்ணை மணக்கப்போகிறார் என்றதும், லொட்டே எந்தக் குறும்பும் செய்யவில்லை. அந்தப் பெண்ணின் வீட்டுக்கே தனியாகப் போய், என் அப்பாவை நீங்கள் கல்யாணம் செய்துகொள்ளக் கூடாது என்று நேருக்கு நேர் சொல்கிறாள். திருமணம் நிற்காது என்றதும் காய்ச்சலில் விழுகிறாள். அதற்கு முன்பே அவளுக்கு வந்த கெட்ட கனவில், குழந்தைகளைச் சரிபாதியாகப் பங்கிட அப்பா பெரிய ரம்பத்தை எடுத்துக்கொண்டு வருகிறார். பங்கு போட்டவர்கள் பெற்றோர், வலியைச் சுமந்தது குழந்தை என்பதை இதைவிட வெளிப்படையாக ஒரு நகைச்சுவைக் கதையில் சொல்ல முடியாது.

படம் வந்த வேகத்தில் மறுஆக்கங்களும் வந்தன. 1951-இலேயே ஜப்பானில், பதின்வயதிலேயே நாடறிந்த பாடகியாகியிருந்த மிசோரா ஹிபாரியை இரட்டை வேடத்தில் வைத்து ஒரு படம் வெளியானது. 1953-இல் பிரிட்டனில் வந்த ‘ட்வைஸ் அப்பான் எ டைம்’ படத்தை இயக்கியவர் எமெரிக் பிரெஸ்பர்கர். மைக்கேல் பவலோடு இணைந்து புகழ்பெற்ற படங்களைத் தந்த அவர், தனித்து இயக்கியது இது ஒன்றுதான். 1930-களின் தொடக்கத்தில் பெர்லினில் கெஸ்ட்னரோடு சேர்ந்து திரைக்கதை எழுதியவர். யூதர் என்பதால் ஹிட்லர் ஆட்சியில் வேலை இழந்து நாட்டை விட்டு வெளியேறியவர். இந்த இரண்டும் கதையைப் புதிய மண்ணில் நட்டன என்றாலும், உலகம் முழுவதும் அதைப் பரப்பியது 1961-இல் டிஸ்னி தயாரித்த ‘தி பேரண்ட் ட்ராப்’ தான். நம் வாதத்துக்கு முக்கியமான திருப்பமும் அதில்தான் இருக்கிறது.

டேவிட் ஸ்விஃப்ட் எழுதி இயக்கிய அந்தப் படத்தில் ஹேலி மில்ஸ் இரு சிறுமிகளாகவும் நடித்தார். அப்பாவுக்குக் கலிஃபோர்னியாவில் பெரிய பண்ணை. அம்மாவுக்குப் பாஸ்டனில் பரம்பரைச் செல்வம். வேலைக்குப் போகும் அம்மா இல்லை. கணக்குப் பார்த்துச் சமைக்கும் சிறுமியும் இல்லை. பெற்றோர் ஏன் பிரிந்தார்கள் என்றால், இருவருக்கும் முன்கோபம், அவ்வளவுதான். ஆனால் கதைக்கு ஒரு குற்றவாளி வேண்டுமே! அந்த இடத்துக்கு அப்பா மணக்கவிருக்கும் விக்கி என்ற இளம்பெண் வந்து சேர்கிறார். பணத்துக்காக வருபவர், குழந்தைகளைப் பிடிக்காதவர் என்று காட்டப்படுகிறார். படத்தின் பெரிய சிரிப்பெல்லாம் அவரைக் காட்டுக்கு அழைத்துப்போய் அலைக்கழிக்கும் காட்சிகளில்தான்: கொசு விரட்டி என்று சர்க்கரைத் தண்ணீரைத் தருகிறார்கள், கூடாரத்துக்குக் கரடிக்குட்டிகளை வரவைக்கிறார்கள். விக்கி வருவதற்குப் பல ஆண்டுகள் முன்பே அந்தக் குடும்பம் உடைந்துவிட்டது என்பது இந்தக் கலகலப்பில் மறந்துபோகிறது. உடைத்தவர்கள் இருக்க, பின்னால் வந்தவர் தண்டனை பெறுகிறார். ஜெர்மன் கதையில் குழந்தை வாதாடித் தோற்று நோயில் விழுந்தது. அமெரிக்கக் கதையில் குழந்தை குறும்பு செய்து வெல்கிறது. வலி இடம் மாறிவிட்டது. அன்றைய கலிஃபோர்னியாவிலும் ஒருவர்மீது தவறு நிரூபிக்காமல் மணமுறிவு கிடையாது. யாருடைய தவறும் இன்றிப் பிரியலாம் என்ற சட்டம் அங்கே 1970-இல்தான் நடைமுறைக்கு வந்தது. பெற்றோர்மீது தவறு காண மனமில்லாத குடும்பப் படம், தவறை மூன்றாமவர் கணக்கில் எழுதியது.

1998-இல் நான்சி மேயர்ஸ் இயக்கிய புதிய ‘பேரண்ட் ட்ராப்’ இன்னும் ஒரு படி போகிறது. இப்போது சட்டத்துக்கே குற்றவாளி தேவையில்லை. அக்கம்பக்கத்தில் மணமுறிவு சர்வசாதாரணம். அப்பாவுக்கு நாபா பள்ளத்தாக்கில் திராட்சைத் தோட்டம், அம்மா லண்டனில் மணப்பெண் உடைகளை வடிவமைப்பவர். பிரிவின் காரணத்தைப் படம் ஒரு சின்ன உரையாடலில் சொல்லி முடிக்கிறது. கோபத்தில் அம்மா எதையோ தூக்கி எறிந்துவிட்டுப் புறப்பட்டார். பின்னாலேயே வந்து அழைத்திருக்க வேண்டும் என்று அவர் நினைத்தது அப்பாவுக்குத் தெரியவில்லை. அதாவது யார்மீதும் தவறில்லை, புரிந்துகொள்ளாமல் போன ஒரு கணம் மட்டுமே. கேட்க இனிமையாக இருக்கிறது. ஆனால் அந்த ஒரு கணத்துக்காக இரு குழந்தைகளைப் பதினோரு ஆண்டுகளுக்கு மேல் ஒருவரையொருவர் அறியாமல் பிரித்துவைத்தது எப்படி நியாயமாகும் என்ற கேள்வி படத்தில் எழவே இல்லை. அப்பாவின் புதுக் காதலியான மெரிடித் மட்டும் வழக்கம்போல் ஏரியில் மெத்தையோடு மிதக்கவிடப்படுகிறார். பழி கரைந்தபோது குழந்தைகளின் இழப்பும் சேர்ந்தே கரைந்துவிட்டது.

இனி நம்மூர்ப் படம். டிஸ்னி படத்தைத் தழுவி ஏவி.எம். நிறுவனம் தயாரித்து, கிருஷ்ணன்-பஞ்சு இயக்கிய ‘குழந்தையும் தெய்வமும்’ 1965-ஆம் ஆண்டின் சிறந்த தமிழ்ப் படத்துக்கான தேசிய விருது பெற்றது. ஜெய்சங்கரும் ஜமுனாவும் பெற்றோர். குட்டி பத்மினி இரட்டையர். இதே இயக்குநர்கள் 1966-இல் தெலுங்கில் ‘லேத மனசுலு’ என்றும், 1968-இல் இந்தியில் ‘தோ கலியான்’ என்றும் இதை மறுபடி எடுத்தார்கள். இந்திப் படத்தில் இரட்டையராக நடித்த சிறுமிதான் பின்னாளில் நாயகியாகப் புகழ்பெற்ற நீத்து சிங். தமிழில் பழி பெற்றோர்மீதும் இல்லை, புதிதாக வரும் பெண்மீதும் இல்லை. ஜி. வரலட்சுமி நடித்த மாமியாரின் செருக்குத்தான் குடும்பத்தை உடைக்கிறது. பணக்கார வீட்டுப் பெண். எளிய பின்னணியில் வந்த மருமகன். அவனைத் தன் காலடியில் வைத்துக்கொள்ள நினைக்கும் மாமியார். மனைவி சொல்லுக்கு அடங்கிப்போகும் மாமனார். கணவனும் மனைவியும் அடிப்படையில் நல்லவர்கள், இடையில் புகுந்தது அந்தஸ்து என்பதே படம் சொல்லும் விளக்கம். தலைப்பே குழந்தையைத் தெய்வத்தோடு சேர்த்துவிட்டதால், ஜெர்மன் சிறுமிகளின் சாதுரியம் இங்கே கள்ளமற்ற மனத்தின் வெற்றியாக மாறுகிறது. கெஸ்ட்னரின் நாவல் வெளியான அதே 1949-இல் சென்னை மாகாணத்தில் இந்துக்களுக்கு மணமுறிவு உரிமை தரும் சட்டம் வந்துவிட்டது. 1955-இல் நாடு முழுவதற்குமான இந்துத் திருமணச் சட்டமும் வந்தது. ஆனால் இருவரும் ஒருமித்துப் பிரிய அந்தச் சட்டம் 1976 வரை வழி செய்யவில்லை. ஒருவர் மற்றவரைக் குற்றம்சாட்டியே ஆக வேண்டும். நல்லவனான கணவனும் நல்லவளான மனைவியும் தங்களுக்குள்ளேயே தோற்றுப் பிரியலாம் என்பதைத் திரையில் சொல்ல அன்று துணிவில்லை. அதற்கு ஒரு மாமியார் தேவைப்பட்டார்.

இந்த வாதத்துக்கு மறுப்புகள் உண்டு. முதல் மறுப்பு, சினிமா வியாபாரத்தைச் சமூக ஆராய்ச்சியாகப் பார்ப்பது மிகை என்பது. ஒரே குழந்தை நட்சத்திரம் இரண்டாகத் தெரியும் அதிசயத்துக்காகத்தானே இந்தக் கதையை எல்லோரும் வாங்கினார்கள்? இதில் உண்மை இருக்கிறது. மிசோரா ஹிபாரி, ஹேலி மில்ஸ், குட்டி பத்மினி, லிண்ட்சே லோஹன் என்று எல்லோருக்கும் இது திறமை காட்டும் மேடை. நிஜ இரட்டையரை நடிக்கவைத்த ஜெர்மன், பிரிட்டிஷ் படங்களில் பார்வையாளர் இரு குழந்தைகளைப் பார்க்கிறார். ஒருவரே நடிக்கும் படங்களில் ஒரு வித்தையைப் பார்க்கிறார். ஆனால் வித்தைக்கு வில்லி தேவையில்லை. இரட்டை வேடத்தை வைத்துக்கொண்டே பிரிவின் காரணத்தை மூலத்தில் உள்ளபடி விட்டிருக்கலாம். ஒரு காசு கூடுதல் செலவு கிடையாது. அப்படி விடாமல், அமெரிக்காவிலும் இந்தியாவிலும் தயாரிப்பாளர்கள் அந்தக் காரணத்தைத்தான் முதலில் மாற்றினார்கள். தம் ரசிகர் எதை ஏற்பார், எதை ஏற்கமாட்டார் என்று கணக்குப் போட்டே மாற்றினார்கள். வியாபாரக் கணக்கு என்பதாலேயே அது சமூகத்தைப் பற்றிய நம்பகமான சாட்சியாகிறது.

இரண்டாவது மறுப்பு வேறு திசையிலிருந்து வருகிறது. ஜெர்மன் படம் மட்டும் யோக்கியமா, அதுவும் ஓர் உருவகம்தானே என்பது. 1949-இல் ஜெர்மனி இரண்டு நாடுகளாகப் பிரிந்தது. பிரிந்த இரட்டையர் என்றால் பிரிந்த தேசம் என்று படிக்க ஆசை வருவது இயல்பு. ஆனால் கெஸ்ட்னர் இந்தக் கதையை யோசித்தது 1942-இல், நாடு பிரியும் முன்பே. மேலும், அந்த உருவகத்தை ஏற்றால் பிரித்தவர்கள் வெளிநாட்டு வல்லரசுகள் என்றாகும். உள்ளே இருந்தவர்களுக்குப் பொறுப்பில்லை என்றாகும். பழியை வெளியே தள்ளுவதற்கு அதுவும் ஒரு வழியே. கதையின் உள்ளடக்கமோ நேர் எதிரானது: செய்தவர்கள் வீட்டுக்குள்ளேயே இருக்கிறார்கள், அவர்களிடம் கேளுங்கள் என்கிறது அது. பன்னிரண்டு ஆண்டு நாஜி அட்டூழியத்துக்குப் பின் எல்லோரும் தமக்குச் சம்பந்தமில்லை என்று கைகழுவிக்கொண்டிருந்த ஒரு நாட்டில், பெரியவர்களே, நீங்கள் செய்ததன் விலையைப் பிள்ளைகள் கொடுக்கிறார்கள் என்று சொன்ன கதை அது. அதன் அரசியல் அங்கே இருக்கிறது.

மூன்றாவது மறுப்புத்தான் வலுவானது. எல்லாப் படங்களும், மூலமும்கூட, பெற்றோரைச் சேர்த்துவைத்தே முடிகின்றன. நிஜ வாழ்வில் அது அரிது. பிரிந்த வீட்டுப் பிள்ளைகளுக்கு இது பொய்யான ஆசை காட்டுவதாகாதா? ஆகும். இதில் கெஸ்ட்னரையும் முழுதாகக் காப்பாற்ற முடியாது. தனியே உழைத்து நிமிர்ந்த அந்த அம்மா, முடிவில் கணவன் ஊருக்கே போய்ச் சேர்கிறார். அவருடைய வேலையைப் பற்றிக் கதை கவலைப்படவில்லை. ஆனாலும் ஒரு வேறுபாடு உண்டு. அப்பா தன் தொலைதூர அறையை விட்டுவிட்டு, வீட்டுக்குப் பக்கத்திலேயே வேலை செய்ய ஏற்பாடு செய்துகொள்கிறார். எதனால் உடைந்ததோ அதைச் சரிசெய்த பிறகே சேர்கிறார்கள். டிஸ்னியின் பெற்றோர் எதையும் மாற்றிக்கொள்ளவில்லை. இடையூறாக இருந்த பெண் போனதும் சேர்ந்துவிடுகிறார்கள். தமிழ்ப் படம் இந்த இடத்தில் டிஸ்னியைவிட நேர்மையானது என்றே சொல்ல வேண்டும். பெரியவர்களின் தலையீட்டால் உடைந்த திருமணங்கள் நம் சமூகத்தில் கற்பனை அல்ல. பணமும் அந்தஸ்தும் கணவன் மனைவிக்கு நடுவே உட்கார்ந்துகொள்வதும் நிஜம். மாமியாரின் செருக்கு உடைந்தால்தான் குடும்பம் சேரும் என்று படம் ஒரு காரணத்தைச் சொல்லி, அந்தக் காரணத்தைத் தீர்த்தும் வைக்கிறது. அது பாதி உண்மை. அம்மா பேச்சைக் கேட்டுக் கணவனைப் போகவிட்ட மகளின் பொறுப்பும், ஒரு குழந்தையை மட்டும் எடுத்துக்கொண்டு வெளியேறிய கணவனின் பொறுப்பும் விடுபட்ட மறுபாதி.

இந்தக் கதையின் பயணம் இன்னும் முடியவில்லை. 1990-களின் நடுவில் ஈரானில் கியூமர்ஸ் பூரஹ்மத் இதைப் பாரசீக மொழியில் எடுத்தார். ஜெர்மனியிலேயே 1994-இல் யோசெஃப் வில்ஸ்மையர் ‘சார்லி, லூயிஸே’ என்று புதுப்பித்தார். பிறகு அனிமேஷனாகவும் தொலைக்காட்சிப் படமாகவும் வந்தது. நாளை தமிழில் யாராவது மறுபடி எடுக்கக்கூடும். எடுப்பவர்களுக்கு ஒரு வேண்டுகோள்: கைபேசியும் சமூக ஊடகமும் இருக்கும் காலத்தில் இரட்டையர் ஒருவரையொருவர் அறியாமல் எப்படி வளர்வார்கள் என்று மண்டையை உடைத்துக்கொள்வது இரண்டாம்பட்சம். குடும்ப நீதிமன்றங்களில் தினமும் பெற்றோர் படியேறும் இந்தக் காலத்தில், மாமியாரையோ புதுக் காதலியையோ தேடிப்போகாமல், பிரிந்த இருவரையும் தம் பிள்ளைகளின் முன் நின்று பதில் சொல்லவைக்க முடியுமா என்று முதலில் யோசியுங்கள். எழுபது ஆண்டுகளுக்கும் முன்பே ஒரு சிறுவர் கதை அதைச் செய்தது, சிரிக்கவைத்துக்கொண்டே செய்தது.